சிறு திருகாணியும் பூட்டுப் பிளையரும்



பெரிய பாரத்தைத் தூக்குவதற்கு ஆள்பலம் வேண்டும். நான்கு பேர் சேர்ந்தால் அந்த வேலை முடிந்துவிடும். ஆனால் நெல்மணி அளவுள்ள ஒரு திருகாணியை அதன் துளையில் நேராக நிறுத்த நான்கு பேர் சேர்ந்தாலும் முடியாது. இரண்டே விரல்தான் அங்கே நுழையும். அந்த இரண்டு விரலும் திருகாணியை மறைத்துவிடும். சற்று நடுங்கினால் அது புல்லுக்குள் விழுந்துவிடும். பிறகு தேட வேண்டியதுதான்.

இப்படிப்பட்ட சிறு பொருள்களை நழுவவிடாமல் பிடித்துத் தரும் கருவிகளைப் பற்றித்தான் இன்று நாம் பேசப்போகிறோம். ஒருமுறை அழுத்தினால், நாம் கையை எடுத்த பிறகும் பிடியை விடாத பிளையர்கள் இவை. பூட்டுப் பிளையர் என்று இவற்றைச் சொல்லலாம். எந்த வேலைக்கு எந்தப் பூட்டு, கடையில் அதைப் பார்த்து வாங்குவது எப்படி, கைக்கும் கண்ணுக்கும் தீங்கு வராமல் பயன்படுத்துவது எப்படி என்பவற்றை வரிசையாகக் காண்போம்.

தேயிலைத் தோட்டத்துக் குடும்பங்களுக்கு இது எதற்கு என்று சிலர் கேட்கலாம். கேமரன் மலையில் 1929ஆம் ஆண்டில் ஜே. ஏ. ரஸ்ஸல் போ தோட்டத்தைத் தொடங்கிய காலத்தில், கொழுந்து பறிப்பதற்குக் கையும் கூடையுமே கருவிகள். பின்னர் கொழுந்து வெட்டும் கத்தரி வந்தது. அதற்கும் பிறகு, இருவர் இருபுறமும் பிடித்துக்கொண்டு செடி வரிசையின் மேலே நடத்திச் செல்லும் இயந்திரம் வந்தது. இயந்திரம் போக முடியாத செங்குத்தான சரிவில் மட்டும் கைப்பறிப்பு நின்று நிலைத்தது. கூடை அறுந்தால் நாரால் கட்டிக்கொள்ளலாம். கத்தரியின் மூட்டிலுள்ள சிறு வளையம் தொலைந்தால் எதைக் கொண்டு கட்டுவது? இயந்திரத்தின் ஒரு சுருள்வில் தெறித்துப் போனால் அன்றைய வேலையே நின்றுவிடும். எடைக்குக் கூலி பெறுபவருக்கு அது வெறும் சுருள்வில் அல்ல, அரைநாள் கூலி.

வீட்டிலும் இதே கதைதான். தையல் இயந்திரத்தின் ஊசித் திருகாணி, மூக்குக் கண்ணாடியின் சிறு ஆணி, மோட்டார் சைக்கிள் சங்கிலியின் கொக்கி, மருந்து தெளிக்கும் தோள்பம்பின் வளையம் என்று நம்மைச் சுற்றியுள்ள சாமான்களெல்லாம் சிறு துண்டுகளால் ஆனவையே. மலைநாட்டின் விடியற்காலைக் குளிரில் விரல்கள் மரத்திருக்கும்போது இவற்றைப் பிடிப்பது இன்னும் கடினம்.

அப்போது நாம் செய்வது என்ன? பல்லால் கடித்துப் பிடிக்கிறோம். இடது கை விரலால் பிடித்துக்கொண்டு வலது கையால் அரம் போடுகிறோம். அரம் சறுக்கினால் முதலில் கிழிவது விரல். பல் உடைந்தால் மீண்டும் முளைக்காது. திருகாணி தொண்டைக்குள் போனால் உயிருக்கே ஆபத்து. ஆகவே முதல் பாடம் இது: விரலும் பல்லும் கருவிகள் அல்ல. பிடிக்க வேண்டியதைக் கருவி பிடிக்கட்டும்; கை அந்தக் கருவியைப் பிடிக்கட்டும்.

பிளையரின் பலம் எங்கிருந்து வருகிறது? தையல் தெரிந்த தாய்மார்களுக்கு இது நன்றாகத் தெரியும். மெல்லிய துணியைக் கத்தரியின் நுனியால் வெட்டுகிறோம். தடித்த துணி வந்தால் மூட்டை ஒட்டிய அடிவாயில் வைத்து வெட்டுகிறோம். மூட்டாணிக்கு அருகில் வாயின் பலம் கூடுதல், நுனியில் குறைவு. ஒரு கணக்குப் பார்ப்போம். மூட்டாணியிலிருந்து 10 சென்டிமீட்டர் தள்ளிக் கைப்பிடியை 2 கிலோ அளவுக்கு அழுத்துகிறோம். மூட்டாணியிலிருந்து 5 சென்டிமீட்டர் தள்ளியுள்ள நுனியில் அது 4 கிலோ அழுத்தமாகும். இரண்டரை சென்டிமீட்டரில் 8 கிலோ ஆகும். ஒரே பிளையர், ஒரே கை; பொருளை வைக்கும் இடத்தால் மட்டும் பிடி இரட்டிப்பாகிறது. மெல்லிய பொருளை நுனியில் பிடியுங்கள்; உறுதியான பொருளை உள்ளே தள்ளிப் பிடியுங்கள்.

இந்தப் பிடியைக் கை இல்லாமல் நிறுத்தி வைப்பதுதான் பூட்டின் வேலை. அதில் நான்கு வகைகளைக் காண்போம். மென்மையான பிடியில் தொடங்கி வலுவான பிடிக்குப் போவோம்.

முதல் வகைக்குக் காசே வேண்டாம். வீட்டிலுள்ள நீள்மூக்கு பிளையரின் இரண்டு கைப்பிடிகளையும் சுற்றி ஒரு ரப்பர் வளையம் போடுவதுதான் அது. பழைய சைக்கிள் டியூபைக் குறுக்கே வெட்டினால் நல்ல வளையம் கிடைக்கும். வளையத்தைக் கைப்பிடியின் கடைசியில் போட்டால் பிடி கூடும். மூட்டை நோக்கி நகர்த்தினால் தளரும். ஆகப் பிடியைக் கூட்டவும் குறைக்கவும் நம்மால் முடிகிறது. ஈயப்பற்று வைக்கும்போது கம்பியைப் பிடிக்கவும், பசை காயும்வரை உடைந்த துண்டைச் சேர்த்து வைக்கவும், சிறு மரையைத் துளைக்கு நேரே காட்டவும் இதுவே போதும். விசையோடு இழுக்கும் வேலைக்கும் அரம் போடும் வேலைக்கும் இது ஆகாது. ரப்பர் நீண்டு கொடுத்துவிடும்.

இரண்டாவது வகை, கைப்பிடியின்மேல் நகரும் வளையத்தாலோ, இடையில் செருகும் ஆப்பாலோ இறுகும் பிடி. மோதிரம் செய்பவர்கள் பயன்படுத்தும் மரப்பிடி இந்த இனத்தைச் சேர்ந்தது. அதன் வாயில் தோல் ஒட்டியிருக்கும். மறுமுனையில் ஆப்பைத் தள்ளினால் வாய் இறுகும். மெருகு கெடக் கூடாத பொருளுக்கு இதுபோல் தோல் வைத்த பிடியே சிறந்தது. ஊசி, கம்பி, நூலளவு துளையிடும் அலகு போன்ற உருண்டையான பொருள்களுக்கு வேறொரு பிடி உண்டு. பேனாவைப் போன்ற தண்டின் தலையைத் திருகினால், உள்ளேயுள்ள பிளந்த வாய் நாலாபுறமும் சமமாக இறுகும். உருண்டைப் பொருளைத் தட்டை வாயால் பிடித்தால் உருளும், இதில் உருளாது.

மூன்றாவது வகையை நாம் எல்லோரும் மருந்தகத்தில் பார்த்திருக்கிறோம். கத்தரிக்கோல் போல விரல் நுழைக்கும் இரண்டு வளையங்கள் இருக்கும். அவற்றுக்கிடையே ரம்பப் பல் போன்ற சிறு படிகள் இருக்கும். அழுத்தினால் டிக், டிக் என்று படிப்படியாகப் பூட்டிக்கொள்ளும். அறுவையின்போது இரத்தக் குழாயை இறுக்கிப் பிடித்து இரத்தத்தை நிறுத்துவதற்காகவே இது உருவானது. 19ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில் பிரான்சில் ழூல் பெயான், இங்கிலாந்தில் ஸ்பென்சர் வெல்ஸ் ஆகிய மருத்துவர்களால் இது பெயர் பெற்றது. பிறகு மீன் வாயிலிருந்து தூண்டில் முள்ளை எடுப்பவர்களும், வானொலி பழுது பார்ப்பவர்களும் இதைத் தங்கள் பெட்டியில் சேர்த்துக்கொண்டார்கள்.

சுருள்வில்லைக் கொக்கியில் மாட்டவும், ஆழமான இடத்தில் விழுந்த திருகாணியை எடுக்கவும், தையல் இயந்திரத்தில் சிக்கிய நூலை இழுக்கவும் இதற்கு இணை இல்லை. நேராகத் தெரியும் இடத்துக்கு நேர்மூக்கும், மூலையில் மறைந்த இடத்துக்கு வளைந்த மூக்கும் ஏற்றவை. 5 அல்லது 6 அங்குல நீளமுள்ளது வீட்டுக்குப் போதும். இதைக் கொண்டு மரையைத் திருக்க வேண்டாம். மூக்கு முறுக்கிக்கொண்டால் பிறகு நுனி ஒன்றோடொன்று சேராது. மருந்தகத்தில் பயன்படுத்தி எறிந்ததை எடுத்து வரவும் கூடாது. நோய்க்கிருமி கண்ணுக்குத் தெரியாது.

நான்காவது வகைதான் எல்லாவற்றிலும் பலமானது. வைஸ் கிரிப் என்ற வணிகப் பெயராலேயே பலர் இதைக் கேட்டு வாங்குகிறார்கள். டென்மார்க்கிலிருந்து அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்த வில்லியம் பீட்டர்சன் என்ற கொல்லர், நெப்ராஸ்கா மாநிலத்தில் டி விட் என்ற சிற்றூரில் இதை உருவாக்கினார். 1921இல் முதல் காப்புரிமை பெற்றார். பூட்டும் நெம்புகோலுக்கு 1924இல் உரிமை பெற்றார். கொல்லனுக்கு எப்போதும் ஒரு கை குறைவுதான்: ஒரு கை குறட்டைப் பிடிக்கும், மறு கை சுத்தியலைப் பிடிக்கும், இன்னொரு வேலைக்குக் கை இராது. அந்தக் குறையை இந்தக் கருவி தீர்த்தது. உலகெங்கும் புகழ் பெற்ற இந்தப் பிளையரைச் செய்த டி விட் தொழிற்கூடம் 2008இல் மூடப்பட்டு, உற்பத்தி சீனாவுக்கு மாறியது.

இது எப்படிப் பூட்டுகிறது? முதுகில் பாரத்தோடு மலைச்சரிவில் நிற்கும்போது நாம் செய்வதை நினைத்துப் பாருங்கள். முழங்காலை மடக்கி நின்றால் தசை முழுவதும் உழைக்க வேண்டும், கால் நடுங்கும். முழங்காலை நேராக நிமிர்த்திவிட்டால் பாரம் எலும்பின்மேல் இறங்கும். கால் தானாகவே பூட்டிக்கொண்டதுபோல் நிற்கும். இந்தப் பிளையருக்குள்ளும் அப்படியொரு முழங்கால் உண்டு. நாம் அழுத்தும்போது உள்ளேயுள்ள சட்டம் நேராக நிமிர்கிறது. நேர்கோட்டை நெருங்க நெருங்க வாயின் அழுத்தம் பல மடங்காகிறது. கோட்டைச் சற்றே தாண்டியதும் சொடக்கென்று பூட்டு விழுகிறது. கைப்பிடிக்குள் இருக்கும் சிறு நெம்பைத் தட்டினால்தான் விடும். கைப்பிடியின் கடைசியிலுள்ள திருகாணி, எவ்வளவு கனமான பொருளில், எவ்வளவு இறுக்கமாகப் பூட்டு விழ வேண்டும் என்பதைத் தீர்மானிக்கிறது.

இங்கேதான் பலரும் தவறிவிடுகிறார்கள். பூட்டு எவ்வளவு பலமோ அவ்வளவு நல்லது என்று எண்ணிவிடுகிறார்கள். சிறு பொருளுக்கு அது நேர்மாறு. பித்தளைத் திருகாணியின் மரைவரி நசுங்கினால் அது மீண்டும் துளையில் ஏறாது. பிளாஸ்டிக் துண்டு வெடித்துவிடும். மெல்லிய குழாய் தட்டையாகிவிடும். கை பிடிக்கும்போது பொருள் நசுங்குவது விரலுக்குத் தெரிகிறது, நாம் நிறுத்திக்கொள்கிறோம். பூட்டுக்கு அந்த உணர்வு இல்லை. ஆகவே, பொருள் நழுவாமல் இருக்கப் போதுமான மிகக் குறைந்த பிடி எதுவோ, அதுவே சரியான பிடி. ரப்பர் வளையம் போதுமென்றால் கிளாம்ப் வேண்டாம். கிளாம்ப் போதுமென்றால் பூட்டுப் பிளையர் வேண்டாம்.

பூட்டுப் பிளையரைப் பொருத்தும் முறையைச் சொல்கிறோம். முதலில் கைப்பிடிகளை மூடிய நிலையில் வைத்து, வாய் பொருளைத் தொட்டும் தொடாமலும் இருக்கும்படி கடைசித் திருகாணியைச் சரிசெய்யுங்கள். பிறகு பிளையரைத் திறந்து, திருகாணியை அரைச் சுற்று மட்டும் இறுக்கி, பொருளின்மேல் பூட்டிப் பாருங்கள். போதாவிட்டால் இன்னும் கால் சுற்று. ஒரு கையால் இலகுவாகப் பூட்டு விழ வேண்டும். இரண்டு கைகளாலும் நெரிக்க வேண்டியிருந்தால் அது மிகை, திருகாணியைத் தளர்த்துங்கள். பொருளில் பல்தடம் விழக் கூடாதென்றால், குளிர்பான டின்னிலிருந்து வெட்டிய அலுமினியத் தகட்டையோ தோல் துண்டையோ வாய்க்குள் வையுங்கள். தகட்டின் ஓரம் கத்தி போல் வெட்டும். அதை மடித்துத் தேய்த்துவிட்டே கையில் எடுக்க வேண்டும். விடுவிக்கும்போது கைப்பிடி வெடுக்கென்று விரியும். விரலை இடையில் வைக்காமல், உள்ளங்கையால் அணைத்துக்கொண்டு நெம்பைத் தட்டுங்கள்.

இதற்கென்றே அமைந்த வேலைகளும் உண்டு. தலை தேய்ந்து திருப்புளி பற்றாத திருகாணியை எடுக்க இதைவிட நல்ல கருவி இல்லை. துருவேறியிருந்தால் எண்ணெய் விட்டு ஒரு மணி நேரம் பொறுத்து, தலையை இறுகப் பூட்டி, இப்படியும் அப்படியும் சிறிது சிறிதாக அசைத்துத் திருப்புங்கள். அரம் போட வேண்டிய சிறு துண்டைப் பூட்டிக்கொண்டு பிளையரை மரப்பலகையின்மேல் அழுத்தி வைத்தால், வீட்டிலேயே ஒரு பட்டறைப் பிடி கிடைத்ததாகும். ஆனால் ஸ்பானா பொருந்தும் நல்ல மரையில் இதைப் போட வேண்டாம். மூலைகள் உருண்டு, பிறகு ஸ்பானாவும் பற்றாது.

இனி, கடையில் வாங்கும் முறை. பெட்டியின் படத்தைப் பார்த்து வாங்காமல் கையில் எடுத்துப் பாருங்கள். வாயை மூடி வெளிச்சத்துக்கு நேரே பிடியுங்கள். நுனிகள் ஒன்றோடொன்று சரியாகச் சேர வேண்டும். நுனி விரிந்து அடியில் மட்டும் சேர்ந்தால் சிறு பொருள் நிற்காது. இரண்டு வாய்களையும் பக்கவாட்டில் அசைத்துப் பாருங்கள். ஆட்டம் இருந்தால் வேண்டாம். ஒரு தாள் துண்டை நுனியில் பூட்டி இழுங்கள். தாள் கிழிய வேண்டுமே தவிர நழுவி வரக் கூடாது. பூட்டிய பின் கையில் வைத்தே பத்துமுறை உலுக்குங்கள். தானாகத் திறந்துகொண்டால் பூட்டு தேய்ந்தது என்று பொருள். பழைய சாமான்கள் வாங்குவோருக்கு இந்தச் சோதனை மிக முக்கியம். நீள்மூக்கு, பூட்டு, 6 அங்குலம் என்று கேட்டால் பெரும்பாலான வீட்டு வேலைக்கு ஏற்றது கிடைக்கும். 10 அங்குலப் பிளையரை வாங்கிவிட்டு அதைக் கொண்டு கண்ணாடி ஆணியைப் பிடிக்க முயல்வது, கோடரியால் நகம் வெட்டுவதற்கு ஒப்பாகும்.

இப்போது மிகவும் முக்கியமான பகுதிக்கு வருகிறோம். சிறு பொருளின் ஆபத்து, அது பறப்பதில் இருக்கிறது. சுருள்வில்லும், தண்டின் பள்ளத்தில் உட்காரும் எஃகு வளையமும், சங்கிலிக் கொக்கியும் கழன்றவுடன் கண் இமைக்கும் நேரத்துக்குள் தெறிக்கும். இமை மூடுவதற்குள் கண்ணில் பாய்ந்துவிடும். எனவே இத்தகைய வேலைக்கு முன் பாதுகாப்புக் கண்ணாடி போடுங்கள். பொருளையும் பிளையர் வாயையும் ஒரு தெளிந்த பிளாஸ்டிக் பைக்குள் வைத்துக்கொண்டு கழற்றினால், தெறிப்பது பைக்குள்ளேயே நின்றுவிடும். கண்ணும் தப்பும், பொருளும் தொலையாது. கீழே ஒரு வெள்ளைத் துணியை விரித்துக்கொள்வது இன்னும் நல்லது. மோட்டார் சைக்கிள் சங்கிலிக் கொக்கியை மீண்டும் மாட்டும்போது, அதன் மூடிய முனை சங்கிலி ஓடும் திசையை நோக்கி இருக்க வேண்டும் என்பதை மறக்க வேண்டாம். மாறிப்போனால் ஓட்டத்தில் கழன்றுவிடும்.

கொழுந்து பறிக்கும் இயந்திரத்தில் கை வைக்குமுன் அதை நிறுத்தி, தீப்பொறி பிளக்கின் தொப்பியைக் கழற்றிவிடுங்கள். நின்ற இயந்திரம் என்று நம்பிக் கத்தியைத் திருப்பினால் அது ஒருமுறை உயிர் பெறக்கூடும்; ஒருமுறையே விரலுக்குப் போதும். பிளையரின் பிளாஸ்டிக் உறை மின்சாரத்தைத் தடுக்கும் என்றும் எண்ண வேண்டாம். பிடிக்கு வசதியாகப் போட்ட உறை வேறு. மின்காப்புக்கென்று சோதித்த உறை வேறு. மருந்து தெளிக்கும் பம்பின் முனையைக் கழற்றுமுன் கையுறை அணிந்து, நல்ல நீரில் கழுவுங்கள். அடைப்பை வாயால் ஊதக் கூடாது. அந்த வேலைக்கு எடுத்த கிளாம்பைத் தையல் பெட்டியிலோ சமையலறையிலோ வைக்கவும் கூடாது.

இவ்வளவு கவனித்தும் கண்ணில் ஏதேனும் பாய்ந்துவிட்டால், தேய்க்காதீர்கள். இடுக்கி கொண்டு எடுக்க முயலாதீர்கள். கண்ணை அழுத்தாமல் மறைத்துக்கொண்டு, தாமதமின்றி மருத்துவரிடம் செல்லுங்கள். தானா ராத்தாவில் சுல்தானா ஹாஜா கல்சோம் மருத்துவமனை இருக்கிறது. மருந்து தெறித்திருந்தால் மட்டும், முதலில் சுத்தமான நீரை 15 நிமிடமாவது கண்ணில் விட்டுக் கழுவிப் பிறகு புறப்படுங்கள்.

வேலையின்போது ஏற்பட்ட காயத்தைச் சிறியதென்று மறைக்கும் வழக்கம் நம்மிடையே உண்டு. "இதற்கெல்லாம் போய்ச் சொல்வதா?" என்ற கூச்சம், வேலை போய்விடுமோ என்ற அச்சம். அந்தக் கூச்சம் வேண்டாம். 1969ஆம் ஆண்டின் தொழிலாளர் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் அமைந்ததுதான் நாம் சொக்சோ என்று சொல்லும் பாதுகாப்பு. வெளிநாட்டுத் தொழிலாளர்களுக்கும் 2019 முதல் வேலைக் காயத்துக்கான அதன் பாதுகாப்பு நீட்டிக்கப்பட்டது. அன்றே மேற்பார்வையாளரிடம் சொல்லிப் பதிவு செய்தால்தான் பின்னால் ஆதாரம் இருக்கும். இன்று ஒரு துளி இரத்தம். நாளை பார்வை மங்கினால் அந்தப் பதிவுதான் நமக்காகப் பேசும்.

கடைசியாகப் பராமரிப்பு. மலைநாட்டு மூடுபனியில் இரும்பு விரைவில் துருவேறும். வேலை முடிந்ததும் துடைத்து, மூட்டுகளில் தையல் இயந்திர எண்ணெயை ஒரு சொட்டு விடுங்கள். வாயில் எண்ணெய் படக் கூடாது, பட்டால் துடைத்துவிடுங்கள். பூட்டிய நிலையில் வைக்காமல் திறந்து வையுங்கள். ரப்பர் வளையத்தைக் கழற்றித் தனியே வையுங்கள். அது வெடித்திருந்தால் புதியது வெட்டிக்கொள்ளுங்கள். கழற்றிய திருகாணிகளை மூடியுள்ள டப்பாவில் போட்டுக் குழந்தைகளுக்கு எட்டாத உயரத்தில் வையுங்கள். தவழும் குழந்தைக்குக் கண்ணில் பட்டதெல்லாம் தின்பண்டம்தான்.

ஒவ்வொரு வீட்டிலும் நான்கு வகையும் வாங்கி வைக்க வேண்டும் என்று நாம் சொல்லவில்லை. லயத்தில் நான்கு வீடுகள் சேர்ந்தால் ஆளுக்கொன்றாக ஒரு நல்ல கருவிப்பெட்டி அமைந்துவிடும். அதோடு ஒரு பாதுகாப்புக் கண்ணாடியும் அந்தப் பெட்டியில் இருக்கட்டும். பள்ளி செல்லும் பிள்ளைகளுக்கு, ஆண் பெண் வேறுபாடின்றி, இவற்றைப் பிடிக்கக் கற்றுக்கொடுங்கள். பொருளுக்கேற்ற பிடியை அறிந்த கை பழகிய கை. அந்தக் கை பட்டறையிலும் வேலை பெறும், தன் வீட்டுப் பொருளையும் காக்கும். பத்து விரலும் பத்திரமாக இருக்கும்.